ஞாயிற்றுக்கிழமை வரிசை நிற்கும் உணவகத்தை ஏன் மூடுகிறார்கள்? (சிங்கப்பூர்)

ஜூரோங்வாசி கேட்கிறார்:

சுற்றி வளைக்காமல் கேட்டுவிடுகிறேன். இன்றைய சிங்கப்பூரில் ஒரு வாழையிலைச் சாப்பாட்டுக் கடையில் பணம் போடலாமா?

நான் கணினித் துறையில் வேலை பார்க்கும் நிரந்தரவாசி. எனக்குச் சமைக்கத் தெரியாது, சாப்பிட மட்டும் தெரியும். மனைவியின் தம்பி தஞ்சாவூரில் மெஸ் நடத்துகிறார். அவர் கை வத்தக்குழம்புக்காகவே பக்கத்து ஊர்களிலிருந்து ஆட்கள் வருவார்கள். சிராங்கூன் சாலையை ஒட்டிய ஒரு சந்தில் கடைவீட்டின் கீழ்த்தளம் கைமாற இருப்பதாக நண்பர் ஒருவர் சொன்னார். அறுபது இருக்கைகள், மாத வாடகை 15,000 வெள்ளி (சிங்கப்பூர் டாலர்). அடுப்பு, புகைபோக்கி, குளிர்பதனப் பெட்டி எல்லாவற்றையும் அப்படியே விட்டுச் செல்ல 90,000 வெள்ளி கேட்கிறார்கள்.

எனக்குப் புரியாதது இதுதான். 2024இல் மட்டும் 3,047 உணவு, பானக் கடைகள் மூடப்பட்டன, ஏறத்தாழ இருபது ஆண்டுகளில் இதுவே அதிகம் என்று செய்தி வந்தது. அதே ஆண்டில் 3,793 கடைகள் புதிதாகத் திறந்ததாகவும் அதே செய்தியில் இருந்தது. இதை நலிந்துகொண்டிருக்கும் தொழில் என்பதா, வளர்ந்துகொண்டிருக்கும் தொழில் என்பதா? போதாக்குறைக்கு, நான் கைமாற்றிக்கொள்ள நினைக்கும் இந்தக் கடையில் ஞாயிறு மதியம் இடம் கிடைக்காது. வெளியே நின்று காத்திருந்து சாப்பிட்டிருக்கிறேன். அப்படிப்பட்ட கடையை எதற்காக விட்டுவிட்டுப் போகிறார்கள்?

பேரேடு:

பல ஆண்டுகளாகச் சிறு உணவகங்களுக்குக் கணக்கு எழுதி வருகிறேன். திறப்பு விழாவுக்கும் அழைப்பார்கள், மூடும்போதும் அழைப்பார்கள். முன்னதில் கேசரி கிடைக்கும்.

நீங்கள் சொன்ன இரண்டு எண்களும் ஒன்றோடொன்று மோதவில்லை. என் வாடிக்கையாளர்களிடையே நான் பார்ப்பது, ஒருவர் கழற்றிய பலகையின் ஆணித் துளையிலேயே அடுத்தவர் தம் பலகையை மாட்டுவதுதான். கடைகளின் எண்ணிக்கை கூடுகிறது. சாப்பிட வருவோர் அந்த வேகத்தில் கூடவில்லை. கட்டட உரிமையாளர் மட்டும் இந்த ஆட்டத்தில் இடம் மாறுவதே இல்லை.

ஞாயிற்றுக்கிழமை வரிசையைப் பற்றிக் கேட்டீர்கள். நீங்கள் கொடுத்த வாடகையை வைத்தே ஒரு மாதக் கணக்குப் போடுகிறேன். மற்ற எண்கள் எந்தக் கடையின் கணக்குப் புத்தகத்திலிருந்தும் எடுத்தவை அல்ல, இந்த அளவுக் கடைக்கு நானாக வைத்துக்கொண்ட கணிப்பு. ஒருவர் சராசரியாக 15 வெள்ளிக்குச் சாப்பிடுகிறார். ஞாயிறு 300 பேர், சனி 250 பேர், மற்ற ஐந்து நாட்களில் நாளுக்கு 80 பேர். வாரத்துக்கு 14,250 வெள்ளி, மாதத்துக்கு 61,000 வெள்ளியை ஒட்டி வரும். அரிசி, காய்கறி, மீன், எண்ணெய் வகையில் மூன்றில் ஒரு பங்கு, அதாவது 20,000 போய்விடும். பன்னிரண்டு ஊழியர்களின் சம்பளம், மத்திய சேம நிதி, வெளிநாட்டு ஊழியர் தீர்வை, தங்குமிடம் எல்லாம் சேர்த்து 28,000. மின்சாரம், தண்ணீர், எரிவாயு, பூச்சி ஒழிப்பு, அட்டைக் கட்டணம் எல்லாம் 5,000 என்று வையுங்கள். மிச்சமிருப்பது வாடகை. அதை 15,000 என்று எழுதினால் தப்பு. உரிமையாளர் பொருள், சேவை வரிக்குப் பதிவு செய்தவராக இருந்தால் 9 விழுக்காடு சேர்த்து 16,350. உங்கள் ஆண்டு விற்பனை பத்து லட்சம் வெள்ளியைத் தாண்டாததால் நீங்கள் அந்த வரிக்குப் பதிவு செய்ய வேண்டிய கட்டாயம் இல்லை. அதைக் கேட்டு மகிழ்ந்துவிடாதீர்கள். பதிவு செய்யாதவர் தாம் கட்டிய வரியைத் திரும்பக் கேட்கவும் முடியாது.

கூட்டிப் பாருங்கள், 69,350 வருகிறது. மாதம் 8,000 வெள்ளியை ஒட்டித் துண்டு விழுகிறது. ஞாயிறு மதியம் வெளியே வரிசை நிற்கத்தான் செய்யும், ஏனென்றால் அறுபது நாற்காலிக்கு மேல் அந்த நேரத்தில் யாரையும் உட்கார வைக்க முடியாது. வாடகையோ செவ்வாய்க்கிழமைக்கும் சேர்த்துத்தான் ஓடுகிறது. கடையைப் பார்க்கப் போவதானால் செவ்வாய் இரவு எட்டு மணிக்குப் போய் உட்காருங்கள். எத்தனை மேசையில் இலை விழுகிறது என்று எண்ணுங்கள்.

அடுத்தது ஆள். இதில்தான் உங்கள் கனவு நேராகப் போய் முட்டும். சேவைத் துறையில் வெளிநாட்டு ஊழியர்கள் மொத்த ஊழியரில் 35 விழுக்காட்டைத் தாண்டக்கூடாது. பன்னிரண்டு பேர் கொண்ட கடையில் நான்கு பேர் மட்டுமே வெளிநாட்டவராக இருக்கலாம். எட்டுப் பேர் உள்ளூர்க்காரர்கள் வேண்டும். ஒருவர் முழுக் கணக்கில் சேர வேண்டுமென்றால் மாதம் 1,600 வெள்ளியாவது பெற வேண்டும் என்பது 2024 ஜூலையில் வந்த விதி. உள்ளூரில் இலை போட்டு, சாம்பார் வாளி தூக்க முன்வருபவர்களைத் தேடிப் பாருங்கள். ஓய்வுபெற்ற அம்மாக்கள் சிலர் வருவார்கள், பேரப்பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் வரமாட்டார்கள். அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வராது.

சமையல்காரர் விஷயத்தில் நிலைமை முன்பைவிட மேல். 2023 செப்டம்பர் 1 முதல் இந்திய உணவகங்கள் இந்தியாவிலிருந்து சமையல்காரர்களை வேலை அனுமதிச் சீட்டில் அழைக்கலாம், நிலையான மாதச் சம்பளம் 2,000 வெள்ளிக்குக் குறையக்கூடாது. அதற்கு முன் நடுத்தரத் திறன் ஊழியர்களுக்கான எஸ் பாஸ் அனுமதி எடுக்க வேண்டியிருந்தது, அதில் சம்பள வரம்பு மிக அதிகம். தோசை மாஸ்டர் ஒருவர் ஊருக்குப் போனால் தோசைக்கல்லையே மூடி வைத்த கடைகளை நான் அறிவேன். ஆனால் கவனியுங்கள். உங்கள் மைத்துனர் அந்தச் சீட்டில் வந்தால் அவர் சம்பளக்காரர். இங்கே சொந்தத் தொழில் நடத்த அவருக்கு அனுமதி இல்லை. தஞ்சாவூரில் முதலாளியாக இருப்பவர் இங்கே உங்களிடம் சம்பளம் வாங்க ஒப்புவாரா? உங்கள் வீட்டில் அதை முதலில் பேசுங்கள். தீபாவளிக்குத் தீபாவளி அந்தப் பேச்சு மீண்டும் வரும்.

ஈசூன் அம்மா:

கணக்கர் ஐயா கடைக்காரர் பக்கம் நின்று சொல்லிவிட்டார். சாப்பிடுகிறவள் பக்கத்திலிருந்து நானும் கொஞ்சம் சொல்கிறேன்.

எங்கள் வீட்டில் நான்கு பேர். கடைத்தொகுதி உணவகத்தில் 100 வெள்ளிக்குச் சாப்பிட்டால் முதலில் 10 விழுக்காடு சேவைக் கட்டணம், 110 ஆகும். அந்த 110க்கும் சேர்த்து 9 விழுக்காடு வரி. 119 வெள்ளி 90 காசு. 2022 வரை வரி 7 விழுக்காடாக இருந்தது, 2023இல் 8, 2024இல் 9. இரண்டு விழுக்காடுதானே என்பார்கள். அதே நேரத்தில் பட்டியலில் இருந்த விலையும் ஏறியதை யாரும் பேசுவதில்லை. நான் வழக்கமாகப் போகும் ஓர் இடத்தில் முன்பெல்லாம் கூட்டு இன்னொரு கரண்டி கேட்டால் சிரித்துக்கொண்டே போடுவார்கள். இப்போது “அதற்குத் தனியாக ஒரு வெள்ளி அக்கா” என்கிறார் அந்தத் தம்பி. அவருக்கே சொல்லக் கூச்சம், தலையைக் குனிந்துகொண்டுதான் சொல்கிறார்.

அரசாங்கம் குடும்பங்களுக்குத் தரும் சிடிசி பற்றுச்சீட்டு வந்த மாதங்களில் நாங்கள் சாப்பிடும் இடமே மாறிவிட்டது. 2025இல் ஒரு குடும்பத்துக்கு ஜனவரியில் 300, மே மாதத்தில் 500 வெள்ளி கொடுத்தார்கள். பாதி பேரங்காடிக்கு, மறுபாதி உணவங்காடிக்கும் (பல சிறு கடைகள் கூடிய ஹாக்கர் சென்டர்) அக்கம்பக்கக் கடைக்கும். அதனால் சனிக்கிழமை இரவு உணவங்காடி நிலையம் என்றாகிவிட்டது. பிள்ளைகளுக்கும் அதுதான் விருப்பம், ஒருவனுக்குச் சிக்கன் ரைஸ், இன்னொருத்திக்குக் காரமான சீன மாலா. வாழையிலை முன் உட்கார வைத்தால் இருவரும் தொலைபேசியைப் பார்க்கிறார்கள்.

பள்ளி விடுமுறையில் எல்லை தாண்டி மலேசியாவின் ஜோகூர் பாரு. ஒரு வெள்ளிக்கு மூன்று ரிங்கிட்டுக்கு மேல் கிடைக்கும்போது அங்கே போய் மீன் சாப்பிடுவதற்கு யாரிடம் அனுமதி கேட்க வேண்டும்? பாலத்தில் இரண்டு மணி நேரம் நிற்பதுதான் இப்போது எங்களைத் தடுக்கிறது. உட்லண்ட்ஸிலிருந்து ஐந்து நிமிடத்தில் போகும் ரயில் ஓடத் தொடங்கினால் அந்தத் தடையும் போய்விடும். ஜூரோங் தம்பி, கடை போடுவதற்கு முன் அதையும் நினையுங்கள்.

இன்னொன்று. வெளியே சாப்பிடுவதை நாங்கள் குறைத்துவிட்டோம் என்று கடைக்காரர்கள் சொல்கிறார்கள். உண்மையில் வெளியே சாப்பிடாத நாளே எங்களுக்கு இல்லை. காலையில் காப்பிக்கடைப் பரோட்டா, மதியம் அலுவலகத்துக்குக் கீழே காய்கறியோடு சோறு. செலவைக் குறைப்பதற்கு நாங்கள் கைவைத்தது நாற்காலியில் உட்கார்ந்து பில் கேட்கும் சாப்பாட்டில் மட்டும்தான்.

மர்தபாக் மகன்:

உணவகத்தை விட்டுவிட்டு உணவங்காடியில் ஒரு கடை எடுக்கலாமே என்று அடுத்து யாராவது சொல்வார்கள். சொல்வதற்கு முன் நான் வந்துவிட்டேன்.

எங்கள் அத்தா கடையநல்லூரிலிருந்து வந்தவர். உணவங்காடியில் பரோட்டா, மர்தபாக், மீ கோரிங். அவரைப் போன்ற முதல் தலைமுறைக் கடைக்காரர்களுக்கு மானிய வாடகை, மாதம் 320 வெள்ளிக்குள் முடிந்துவிடும். புதிதாக ஏலத்தில் எடுப்பவர்களுக்கு அப்படி இல்லை. மானியம் இல்லாத சமைத்த உணவுக் கடைகளின் இடைநிலை வாடகை 1,250 வெள்ளி என்று தேசிய சுற்றுப்புற வாரியம் சொல்லும். அது உண்மைதான். ஆனால் நல்ல இடத்துக்கு வருகிற கேட்புத் தொகை வேறு உலகம். 2024இல் மரின் பரேட் சந்தையில் ஒரு கடைக்கு மாதம் 10,158 வெள்ளி கேட்டு ஏலத்தில் வென்றார்கள். ஒரு கடைக்கு! இரண்டு பேர் உள்ளே நின்றால் மூன்றாமவர் திரும்ப முடியாது.

அப்படி எடுத்தாலும் விலையை உங்கள் இஷ்டத்துக்கு வைக்க முடியாது. உணவங்காடிப் பண்பாட்டை 2020 டிசம்பரில் யுனெஸ்கோ பட்டியலில் சேர்த்தபோது எங்கள் நிலையமே பெருமையாகப் பேசியது. அடுத்த வாரம் பரோட்டாவுக்குப் பத்துக் காசு கூட்டினார் அத்தா. பண்பாட்டைப் பாராட்டியவர்களே வந்து சண்டை போட்டார்கள். இந்த நாட்டில் பலருக்கு உணவங்காடிச் சாப்பாடு மலிவாக இருப்பது ஓர் உரிமை. அது தவறு என்று நான் சொல்லமாட்டேன், மலிவுச் சாப்பாட்டுக்காகத்தான் அரசாங்கம் அவற்றைக் கட்டியது. ஆனால் அந்த மலிவைத் தாங்குவது யார்? விடியற்காலை நான்கு மணிக்கு மாவு பிசையும் அறுபது வயதுக்காரர். இங்கே கடைக்காரர்களின் இடைநிலை வயதும் அறுபதை ஒட்டித்தான் இருக்கிறது. அத்தாவுக்கு அதைவிடக் கூடுதல்.

நான் தளவாடத் துறையில் இருக்கிறேன். சனி, ஞாயிறு மட்டும் மாவு வீசப் போகிறேன். அவர் என்னிடம் கடையை எடு என்று ஒருநாளும் சொன்னதில்லை. சொல்லாமல் இருப்பதற்கு அவருக்குக் காரணம் இருக்கிறது.

ஜூரோங்வாசி:

அனைவருக்கும் நன்றி. பேரேடு ஐயாவின் கணக்கை மனைவியிடம் காட்டினேன். மைத்துனர் சம்பளக்காரர் என்ற வரியைத்தான் அவர் முதலில் படித்தார். இன்று வீட்டில் பேச்சு குறைவு.

இரண்டு கேள்விகள். இவ்வளவு சிரமம் என்றால் சீனாவிலிருந்து வரும் பெரிய நிறுவனங்களும் சென்னைப் பெயர்களும் எப்படித் துணிந்து கடை திறக்கின்றன? ரேஸ் கோர்ஸ் சாலையில் ஐம்பது ஆண்டுகளாக நிற்கும் கடைகள் எப்படி நிற்கின்றன? பிறகு, ஒரு தகவல் விட்டுப்போனது. இப்போதைய குத்தகையில் இன்னும் 14 மாதம் மிச்சம் இருப்பதாகத் தரகர் சொன்னார்.

பேரேடு:

பெரிய நிறுவனங்கள் வேறு கணக்கில் விளையாடுகின்றன. சீனாவின் ஹைடிலாவ் உணவகம் 2012இலேயே தன் முதல் வெளிநாட்டுக் கடையை இங்கேதான் திறந்தது. லக்கின் காப்பி 2023 மார்ச்சில் அதையே செய்தது. அவர்களுக்குச் சிங்கப்பூர் ஒரு காட்சிச் சன்னல். இங்கே நிலைத்துவிட்டால் மற்ற நாடுகளில் கதவு திறக்கும். ஒரு கிளையின் இழப்பை வேறொரு நகரத்தின் லாபம் தாங்கும். உங்கள் இழப்பைத் தாங்குவது உங்கள் வீட்டுக் கடன் கணக்கு. சையது ஆல்வி சாலையில் முருகன் இட்லிக் கடைக்குள் நுழைபவர் சட்னியை எதிர்பார்த்தே நுழைகிறார், பெயரை விளக்க வேண்டியதில்லை. தஞ்சாவூர் மெஸ் என்ற பெயருக்கு அந்த முன்பணம் இங்கே இல்லை. அதைச் சேர்க்க இரண்டு ஆண்டு ஆகும். அதுவரை யார் வாடகை கட்டுவது?

ரேஸ் கோர்ஸ் சாலைக்கு வருவோம். முத்து’ஸ் கறி 1969, பனானா லீஃப் அப்போலோ 1974. பெயரில் இலை இருக்கலாம், ஆனால் அங்கே மேசைக்கு வரும் சட்டியைப் பாருங்கள். மீன் தலைக்கறி. கேரளத்திலிருந்து வந்த எம்.ஜே. கோமஸ் என்பவர் சென்ற நூற்றாண்டின் நடுவில் சீன வாடிக்கையாளர்களை மனத்தில் வைத்து இங்கே ஆக்கிய பண்டம் அது. எங்கள் ஊர்ச் சமையலில் மீன் தலை குழம்பில் கிடக்கும், தனிப் பெயர் கிடையாது. இங்கே அதற்குத் தனிச் சட்டி, தனி விலை, நான்கு பேர் சுற்றி உட்காரும் மேசை. தமிழர் மட்டுமா வருகிறார்கள்? அலுவலகக் கூட்டம், சீனக் குடும்பங்கள், சுற்றுலாப் பயணிகள், செவ்வாய்க்கிழமையிலும் வருகிறார்கள். என் அனுபவத்தில் இலைச் சாப்பாடு கூட்டத்தைக் கொண்டுவரும், வாடகையைக் கட்டுவது நடுமேசைச் சட்டிதான். உங்கள் மைத்துனரின் வத்தக்குழம்பு எவ்வளவு உயர்ந்ததாக இருந்தாலும் அதற்கு 30 வெள்ளி கேட்க முடியாது. கேட்க முடிகிற பண்டம் அவரிடம் என்ன இருக்கிறது என்று அவரிடமே கேளுங்கள். கோபப்படமாட்டார், சமையல்காரர்களுக்கு இந்தக் கேள்வி பிடிக்கும்.

வீட்டுக்கு அனுப்பும் சேவையைச் சேர்த்துக்கொண்டால் வார நாட்களை நிரப்பலாம் என்று யாராவது சொல்வார்கள். தளங்கள் 30 விழுக்காடு வரை தரகு எடுக்கும். அதைக் கொடுத்த பிறகு ஒரு பிரியாணிப் பொட்டலத்தில் மிஞ்சலாம். இலைச் சாப்பாட்டைப் பொட்டலம் கட்டினால் பதினொரு சிறு டப்பா. டப்பாவுக்கே காசு சரியாகிவிடும்.

இப்போது அந்த 14 மாதம். இதை முதலிலேயே சொல்லியிருந்தால் மேலே எழுதியதில் பாதியை எழுதியிருக்கமாட்டேன்.

90,000 வெள்ளியைப் பதினான்கால் வகுங்கள். மாதத்துக்கு 6,400க்கு மேல் வருகிறது. அதாவது உங்கள் வாடகை 15,000 அல்ல, வரிக்கு முன்பே 21,400. பதினைந்தாவது மாதம் உரிமையாளர் என்ன கேட்பார் என்று அந்தத் தரகருக்கும் தெரியாது. கடை நன்றாக ஓடினால் கூட்டிக் கேட்பார். ஓடாவிட்டால் நீங்களே போய்விடுவீர்கள். போகும்போது இடத்தைப் பழைய வெற்றுக் கூடாகத் திருப்பித் தர வேண்டும் என்று பெரும்பாலான குத்தகைகளில் ஒரு விதி இருக்கும். இன்றைக்கு நீங்கள் காசு கொடுத்து வாங்கும் புகைபோக்கியை அன்றைக்கு நீங்களே காசு கொடுத்துப் பிடுங்க வேண்டும். இப்போதைய குத்தகைக்காரர் 90,000க்கு விற்பதில் அந்தச் சுமையும் அடங்கியிருக்கிறது என்று நான் சந்தேகப்படுகிறேன்.

சில்லறை வணிக இடங்களுக்கான குத்தகைச் சட்டம் 2024 பிப்ரவரி முதல் நடப்பில் இருக்கிறது. அதன் நடத்தை விதிகளின்படி, நிலையான வாடகை அல்லது விற்பனையில் ஒரு பங்கு, இவற்றில் எது அதிகமோ அது என்று கேட்கும் பழைய வழக்கத்துக்குப் பொதுவாக இடமில்லை. ஆனால் அடுத்த குத்தகையில் இவ்வளவுதான் கேட்கலாம் என்று அந்தச் சட்டம் உச்சவரம்பு எதையும் விதிக்கவில்லை.

ஆகவே தரகரை விட்டுவிட்டுக் கட்டட உரிமையாளரையே பாருங்கள். உங்கள் பெயரில் மூன்று ஆண்டுக்குப் புதிய குத்தகை, வாடகை எவ்வளவு, மூன்று மாத முன்பணமா இரண்டு மாதமா, திருப்பித் தரும்போது எதைப் பிடுங்க வேண்டும், எதை விட்டுவிடலாம், எல்லாவற்றையும் எழுத்தில் கேளுங்கள். அவர் தர மறுத்தால் 90,000 பேச்சை அங்கேயே விடுங்கள். தந்தால் அந்தத் தாளை எடுத்துக்கொண்டு என்னிடம் வாருங்கள், உட்கார்ந்து கணக்குப் போடுவோம். செவ்வாய் இரவு எண்ணிய மேசைக் கணக்கும் கையில் இருக்க வேண்டும், ஒரு செவ்வாய் போதாது.

ஈசூன் அம்மா:

செவ்வாய்க்கிழமை போகும்போது அப்பளம் எத்தனை போடுகிறார்கள் என்றும் பாருங்கள் தம்பி. எங்களுக்கு இப்போது ஒன்றுதான் வருகிறது.